இஷா குஹா: பந்தைக் கீழே வைத்து மைக்கை எடுத்தவர் (கேள்வி பதில்)

இங்கிலாந்தின் முன்னாள் பந்துவீச்சாளர், இப்போது கிரிக்கெட் வர்ணனையாளர் இஷா குஹாவைப் பற்றிக் கேளுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன் என்றதும் இத்தனை கேள்விகள் வரும் என்று நினைக்கவில்லை. பாதிப் பேர் "அந்த பும்ரா விஷயத்தில் மாட்டினவர்தானே?" என்றுதான் ஆரம்பித்திருக்கிறீர்கள். அதற்கும் வருகிறேன். என்னைப் பற்றி ஒரு வரி: உள்ளூர் லீக் ஆட்டங்களுக்குப் பல வருஷம் ஸ்கோர் புத்தகம் எழுதினவள், வர்ணனை கேட்பதில் பைத்தியம். தகுதி அவ்வளவுதான்.

அவர் இந்தியரா, இங்கிலாந்துக்காரரா? பேரைப் பார்த்தால் வங்காளி மாதிரி இருக்கிறதே. (திருச்சி)

இரண்டும்தான். அப்பா அம்மா கொல்கத்தாவிலிருந்து 1970களில் இங்கிலாந்து போனவர்கள். இஷா பிறந்தது 1985 மே 21, லண்டனுக்குப் பக்கத்தில் ஹை விக்கம் என்ற ஊரில். அண்ணன் கிரிக்கெட் ஆடப் போவார், தங்கை கூடவே போவார்; எட்டு வயதில் அப்படித்தான் ஆரம்பம். 13 வயதில் இங்கிலாந்தின் இளையோர் பயிற்சிக் குழுவுக்கு எடுத்துவிட்டார்கள். தெற்காசிய வம்சாவளியிலிருந்து இங்கிலாந்துக்காக கிரிக்கெட் ஆடிய முதல் பெண் அவர்தான்.

நிஜமாகவே நன்றாக ஆடினவரா, டிவிக்கு வந்த பிறகு கிடைத்த பேரா?

இந்தக் கேள்வியை ஆண் வர்ணனையாளர்களைப் பற்றி யாரும் கேட்டு நான் பார்த்ததில்லை. போகட்டும், பதில் சொல்கிறேன்.

வலது கை மித வேகப்பந்து வீச்சு. 8 டெஸ்ட், 83 ஒருநாள், 22 டி20. ஒருநாள் ஆட்டங்களில் 101 விக்கெட். ஒரு கட்டத்தில் உலகத் தரவரிசையில் முதல் இடத்தில் இருந்த பந்துவீச்சாளர். 2009-ல் இங்கிலாந்து 50 ஓவர் உலகக் கோப்பையையும் டி20 உலகக் கோப்பையையும் ஒரே வருஷத்தில் ஜெயித்த அணியில் இருந்தார்.

டெஸ்டில் அவர் முதலில் இறங்கியது 2002 ஆகஸ்ட், டான்டன் மைதானம், எதிரணி இந்தியா, வயது 17. அந்த ஆட்டம் நமக்கு வேறு காரணத்துக்காக ஞாபகம் இருக்க வேண்டும். மிதாலி ராஜ் 214 அடித்து அன்றைய உலக சாதனையை முறியடித்தது அங்கேதான். பள்ளிக்கூடம் போகிற வயதில் முதல் டெஸ்ட், எதிரே ஒரு 19 வயதுப் பெண் உலக சாதனை அடிக்கிறாள்! பின்னாளில் ஒரு பந்துவீச்சாளர் நாள் முழுக்க அடி வாங்கும்போது இஷா அவரைப் பற்றி நிதானமாகப் பேசினால், எனக்கு டான்டன்தான் ஞாபகம் வரும்.

அவருடைய உச்சம் 2008 பிப்ரவரி. ஆஸ்திரேலிய ஜாம்பவான் பிராட்மன் வளர்ந்த பௌரல் ஊரில், பிராட்மன் பேரையே தாங்கிய மைதானத்தில், ஆஸ்திரேலியாவுக்கு எதிராக ஒரே ஒரு ஆஷஸ் டெஸ்ட். இரண்டு இன்னிங்ஸையும் சேர்த்து 100 ரன்னுக்கு 9 விக்கெட். இங்கிலாந்து ஜெயித்து ஆஷஸைத் தக்கவைத்தது, ஆட்ட நாயகி இஷா.

26 வயதில் ஏன் ஓய்வு பெற்றார்? அடிபட்டதா? (கோவை)

காசைப் பாருங்கள், பாதி பதில் கிடைத்துவிடும். இங்கிலாந்து வாரியம் பெண்களுக்கு முழுநேரத் தொழில்முறை ஒப்பந்தம் கொடுக்க ஆரம்பித்ததே 2014-ல்தான். அதற்கு முன்னால் ஆடியவர்கள் படிப்போ வேலையோ ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டுதான் ஆட வேண்டியிருந்தது. இஷா லண்டன் யுனிவர்சிட்டி காலேஜில் உயிர்வேதியியல் முடித்து, அப்புறம் நரம்பியல் ஆராய்ச்சிக்குப் போனவர். உலகக் கோப்பை ஜெயித்தவர் மறுநாள் ஆய்வகத்துக்குப் போக வேண்டும் என்றால் எத்தனை வருஷம் தாங்கும்?

2012 மார்ச்சில் ஓய்வை அறிவித்தார். அடுத்த மாதமே ஐபிஎல் தொடக்கம். இங்கிலாந்தில் அதை ஒளிபரப்பிய ஐடிவி4 நிகழ்ச்சியில் இஷா உட்கார்ந்திருந்தார். பல பேர் ஓய்வுக்கு அப்புறம் இரண்டு வருஷம் திண்டாடுவார்கள். இவருக்கு இடைவெளி சில வாரங்கள்தான்.

அக்கா, வர்ணனையாளருக்கும் தொகுப்பாளருக்கும் என்ன வித்தியாசம்? இஷா இதில் எது?

நல்ல கேள்வி. இதைப் புரிந்துகொண்டால்தான் அவர் செய்ததன் அளவு தெரியும்.

வர்ணனை அறையில் பொதுவாக இரண்டு நாற்காலி. ஒருவர் ஒவ்வொரு பந்தையும் சொல்லிக்கொண்டு போவார்: யார் வீசுகிறார், எங்கே விழுந்தது, எத்தனை ரன். பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர் முன்னாள் வீரர்; ஏன் அப்படி ஆனது என்று விளக்குவார். டிவியில் அரை மணிக்கு ஒரு முறை ஜோடி மாறும். பி.பி.சி. வானொலியின் டெஸ்ட் மேட்ச் ஸ்பெஷல் நிகழ்ச்சியில் இருபது நிமிஷ முறை.

மூன்றாவது ஆள் தொகுப்பாளர். ஆட்டத்துக்கு முன்னால், இடைவேளையில், மழை பெய்யும்போது, ஆட்டம் முடிந்ததும் என்று நிகழ்ச்சியே அவர் கையில். காதில் இயர்பீஸ். அதில் இயக்குநர் பேசிக்கொண்டே இருப்பார்: அடுத்த காட்சி இது, விளம்பரத்துக்குப் பத்து, ஒன்பது, எட்டு... அந்த எண்ணிக்கை காதில் ஓடும்போதே, எதிரே இருக்கிற முன்னாள் கேப்டன் முடிவில்லாமல் அளப்பதை முகம் சுளிக்காமல் நிறுத்தி, வாக்கியத்தைச் சுத்தமாக முடித்து, கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். நான் ஒரு முறை வீட்டில் மொபைலில் எண்ணிக்கையை ஓடவிட்டுப் பேசிப் பார்த்தேன். மூன்றாவது வாக்கியத்தில் எனக்கே நான் என்ன சொன்னேன் என்று தெரியவில்லை.

முன்னாள் வீராங்கனைகளுக்கு முதலில் திறந்தது இரண்டாவது நாற்காலி. இஷா மூன்றிலும் உட்கார்ந்தார். 2018-ல் ஆஸ்திரேலியாவில் ஃபாக்ஸ் கிரிக்கெட் சேனல் தொடங்கியபோது ஷேன் வார்ன், கில்கிறிஸ்ட், மார்க் வா எல்லாம் இருந்த குழுவில் இவர் முக்கிய முகம். 2020-ல் பி.பி.சி. டிவிக்கு நேரடி கிரிக்கெட் 21 வருஷத்துக்கு அப்புறம் திரும்பி வந்தபோது நிகழ்ச்சியை நடத்தியவர் இஷா. 2021-ல் தி ஹண்ட்ரட் என்ற நூறு பந்து ஆட்டத் தொடர் தொடங்கியதும் அதற்கும் அவரே. இப்போது விம்பிள்டன் ஒளிபரப்பிலும் பார்க்கலாம். கிரிக்கெட்காரர் என்ற அடையாளத்தைத் தாண்டி 'விளையாட்டு ஒளிபரப்பாளர்' ஆகிவிட்டார்.

இவர்தான் உலகத்தின் முதல் பெண் கிரிக்கெட் வர்ணனையாளர் என்று படித்தேன். சரியா?

தவறு. வரிசை பெரிது, அதில் நம் நாட்டுக்காரர் ஒருவர் ரொம்ப முன்னால் நிற்கிறார்.

சந்திரா நாயுடு. இந்தியாவின் முதல் டெஸ்ட் கேப்டன் சி.கே. நாயுடுவின் மகள், இந்தூரில் ஆங்கிலப் பேராசிரியை. 1977-ல் இங்கிலாந்தின் எம்.சி.சி. அணி இந்தூருக்கு ஆட வந்தபோது மைக்கைப் பிடித்தார். தொழிலாக அதைத் தொடரவில்லை, கல்லூரிதான் அவருக்கு வாழ்க்கை. அப்பாவைப் பற்றி ஒரு புத்தகமும் எழுதினார். 2021 ஏப்ரலில் 88 வயதில் காலமானார். அன்று நம் செய்திகளில் அதற்குக் கிடைத்த இடம் ஓரத்தில் சின்னப் பெட்டி. எனக்கு வருத்தம்தான்.

அடுத்து 1983-84, ஆஸ்திரேலியா. சேனல் நைன் கேட் ஃபிட்ஸ்பேட்ரிக் என்ற நடிகையை வர்ணனைக் குழுவில் சேர்த்தது. பெண் பார்வையாளர்களைப் பிடிக்கலாம் என்ற கணக்கு. சுற்றிலும் முன்னாள் கேப்டன்கள், நடுவில் ஒரு நடிகை. சீக்கிரமே முடிந்துவிட்டது. பழியை அவர் தலையில் போட்டார்கள். தயார்ப்படுத்தாமல் தள்ளிவிட்டவர்களை யாரும் கேட்கவில்லை.

1998-ல் பார்படாஸ் வழக்கறிஞர் டோனா சிம்மண்ட்ஸ் டெஸ்ட் மேட்ச் ஸ்பெஷலில் பேசினார். 2007-லிருந்து அங்கே நிரந்தரமாக ஆலிசன் மிட்செல். சர்வதேச ஆட்டம் ஆடாதவர், வானொலிப் பத்திரிகையாளராக வளர்ந்து பந்துக்குப் பந்து சொல்கிறவர். எனக்கு இஷாவைவிட அவர் குரல் கொஞ்சம் கூடுதலாகப் பிடிக்கும். வானொலி ஆசாமிகள் அப்படித்தான்.

மந்திரா பேடி மாதிரியா இவரும்?

வேலையே வேறு. 2003 உலகக் கோப்பையில் நடிகை மந்திராவை டிவி நிகழ்ச்சிக்கு அழைத்ததே சாதாரண ரசிகரின் கேள்விகளைக் கேட்கத்தான். கேட்டார், கிண்டலையும் வாங்கிக்கொண்டார், அடுத்த தொடர்களிலும் வந்து உட்கார்ந்தார். அவர் கட்டிய புடவை பற்றி எழுதியவர்கள் அவர் கேள்வி பற்றி எழுதவில்லை. அந்த வயிற்றெரிச்சலை இன்னொரு நாள் வைத்துக்கொள்ளலாம்.

மனசில் பட்டதைக் கேட்கிறேன், கோபிக்க வேண்டாம். ஆண்கள் 145 கிலோமீட்டர் வேகத்தில் வீசுவதை, அதை ஆடியே பார்க்காதவர் எப்படி விளக்க முடியும்? (மதுரை)

கோபமில்லை அண்ணா. வர்ணனையாளர் ஹர்ஷா போக்ளே இந்தியாவுக்காக எத்தனை ஆட்டம் ஆடினார்? பூஜ்யம். யாரும் அவரை எழுந்து போகச் சொல்லவில்லை, சொல்லவும் கூடாது. பந்தைப் பார்த்துச் சொல்ல கண்ணும் மொழியும் வேண்டும். விளக்க அறிவு வேண்டும். தையல் எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது, மணிக்கட்டு எங்கே நிற்கிறது என்பது 115-லும் 145-லும் ஒரே பாடம்தான்.

என் கதை ஒன்று. முதல் தடவை ஸ்கோர் புத்தகத்தோடு ஒரு மைதானத்துக்குப் போனபோது, அணி நிர்வாகி ஒருவர் "டிபன் கொண்டுவந்தீங்களாம்மா?" என்றார். அன்றைக்கு எதிரணி ஸ்கோரர் ஒரு லெக் பையை (மட்டையில் படாமல் காலில் பட்டு வரும் உதிரி ரன்) பேட்டரின் ரன்னாக எழுதி, கூட்டல் இடித்தது. சரியாக இருந்தது என் புத்தகம். அடுத்த வாரத்திலிருந்து டிபன் எனக்கு வந்தது.

சரி, பும்ரா விஷயம் என்ன? இனவெறியா இல்லையா?

2024 டிசம்பர், பிரிஸ்பேன் காபா டெஸ்ட், இரண்டாம் நாள். பும்ரா விக்கெட் எடுத்துக்கொண்டிருந்தார். ஆட்டத்தின் மதிப்புமிக்க வீரரைச் சொல்லும் 'எம்.வி.பி.' என்ற சுருக்கத்தை இஷா விரித்தார். 'பிளேயர்' வர வேண்டிய இடத்தில் 'ப்ரைமேட்' வந்துவிட்டது. குரங்கு, மனிதன் எல்லாம் அடங்கிய விலங்கு வகைக்கு அந்தப் பெயர். புகழத்தான் வந்தார், சொல் காலை வாரியது.

ஆனால் இடத்தையும் பார்க்க வேண்டும். ஆஸ்திரேலியா, 2008 சிட்னியில் நம் ஹர்பஜனும் ஆஸ்திரேலியாவின் சைமண்ட்ஸும் 'குரங்கு' என்று சொன்னதாக எழுந்த புகாரில் மோதியது யாருக்கும் மறக்கவில்லை. அங்கே அந்தச் சொல் சும்மா கேட்காது. இந்திய ரசிகர்களுக்குச் சுட்டது நியாயம்.

மறுநாள் ஆட்டம் தொடங்குமுன் நேரலையிலேயே மன்னிப்புக் கேட்டார். பக்கத்தில் ரவி சாஸ்திரியும் கில்கிறிஸ்ட்டும். தப்பான சொல்லைத் தேர்ந்தெடுத்தேன், புகழ நினைத்தேன், நானும் தெற்காசிய வம்சாவளிதான் என்ற சாரத்தில் பேசினார். சாஸ்திரி அவரைத் துணிச்சலான பெண் என்றார். என் கருத்து: உள்நோக்கம் இல்லை, சொல் தவறு. 'யாராவது புண்பட்டிருந்தால்' என்று மழுப்புகிற மன்னிப்புகளுக்கு நடுவே இது உருப்படியானது.

ஐபிஎல்லில் பேசியிருக்கிறாரா?

2015-ல். அஞ்சும் சோப்ரா, லிசா ஸ்தாலேகர், மெல் ஜோன்ஸ், இவர் என்று நான்கு பெண்கள் அந்த வருஷ வர்ணனைக் குழுவில் இருந்தார்கள்.

என் மகள் ஒன்பதாம் வகுப்பு. கிரிக்கெட் வர்ணனையாளர் ஆகணும்கிறா. தமிழில் வாய்ப்பு இருக்கா மேடம்?

இருக்கிறது. ஸ்டார் ஸ்போர்ட்ஸ் தமிழில் பாவனா தொகுப்பாளராக வருவதைப் பார்த்திருப்பீர்கள். பெண் குரல் பந்துக்குப் பந்து சொல்வது இன்னும் குறைவு. அதனால் இடம் காலி.

முதலில் ஸ்கோர் எழுதக் கற்றுக்கொள்ளட்டும், புத்தகத்தில், பேனாவால். அப்புறம் டிவியை மௌனமாக்கிவிட்டு இருபது நிமிஷம் பேசிப் பதிவு செய்யட்டும். மறுநாள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டால், ஸ்கோர் என்ன, யார் பேட்டிங் என்று தெரிகிறதா? தெரியவில்லை என்றால் மறுபடி. முதல் மாதம் 'அருமையான ஷாட்' என்ற வார்த்தைக்கு வீட்டில் தடை போடுங்கள். எங்கே அடித்தார், முன்காலிலா பின்காலிலா, ஃபீல்டர் எங்கே நின்றார் என்று சொல்லத் தானாக மொழி வரும். முடிந்தால் ஏதாவது கிளப்பில் ஆடவும் விடுங்கள்.

கடைசியாக, இஷாவிடம் உங்களுக்குப் பிடிக்காதது?

பக்கத்தில் இருக்கும் பழைய ஆட்டக்காரர்கள் மொக்கை ஜோக் அடிக்கும்போது கொஞ்சம் தாராளமாகச் சிரித்துவிடுகிறார். தொகுப்பாளர் வேலையில் அதுவும் ஒரு பகுதி, தெரியும். ஆனாலும் 9 விக்கெட் எடுத்த பௌரல் கதையை அவர்களிடம் ஒரு தரமாவது எடுத்துவிட்டால் எனக்குக் குளிர்ந்துபோகும்.