படுக்கையை நனைக்கும் நாய்: வாசகர் கேள்வி - பதில்

கேள்வி: எங்கள் பெண் நாய்க்கு ஆறு வயது. கருத்தடை அறுவை சிகிச்சை செய்தாகிவிட்டது. குட்டிப் பருவத்திலிருந்தே வெளியில்தான் சிறுநீர் கழிக்கும். இப்போது சில வாரங்களாக அது படுத்து எழும் இடம் ஈரமாக இருக்கிறது. வீட்டில் எல்லோரும் அதட்டுகிறார்கள். தண்ணீரைக் குறைத்துவிடலாம் என்றும் சொல்கிறார்கள். என்ன செய்வது?

பதில்: ஈரம் படுக்கையில்தான் இருக்கிறது என்று நீங்கள் கவனித்துச் சொன்னது மிகவும் உதவியாக இருக்கிறது. நாய்கள் பொதுவாகத் தாம் உறங்கும் இடத்தை அசுத்தப்படுத்துவதில்லை. ஆகவே உறக்கத்தில் தன்னையறியாமல் சிறுநீர் கசிகிறது என்றே முதலில் ஐயுற வேண்டும். கருத்தடை செய்யப்பட்ட பெண் நாய்களில் ஈஸ்ட்ரோஜன் என்னும் பெண் ஹார்மோன் குறைவதால், சிறுநீர் வெளியேறும் குழாயை மூடிவைக்கும் தசை தளர்ந்து, அறுவை சிகிச்சைக்குப் பல ஆண்டுகள் கழித்தும் இத்தகைய கசிவு தொடங்குவதுண்டு. பெரும்பாலான நாய்களில் இதை மாத்திரைகளாலேயே கட்டுப்படுத்திவிடலாம்.

ஆனால் பரிசோதிக்காமல் அந்த முடிவுக்கு வந்துவிடக் கூடாது. அடிக்கடி சிறிது சிறிதாகக் கழித்தாலோ சிறுநீரில் இரத்தம் தெரிந்தாலோ அது சிறுநீர்ப்பைத் தொற்றாகவோ கல்லாகவோ இருக்கலாம். நீரிழிவு, சிறுநீரக நோய் போன்றவற்றில் நாய் வழக்கத்தைவிட அதிகமாகத் தண்ணீர் குடிக்கும்; ஸ்டீராய்டு மருந்துகளும் அப்படிக் குடிக்கவைக்கும். ஒரு நாள் காலையில் அளந்து ஊற்றி, மறுநாள் காலையில் மீதியை அளந்து பாருங்கள். உடல் எடையில் கிலோவுக்கு 100 மில்லிக்கு மேல், அதாவது 10 கிலோ நாய் ஒரு லிட்டருக்கு மேல் குடித்தால், மருத்துவரிடம் அவசியம் சொல்லுங்கள். தண்ணீரை மட்டும் குறைத்துவிடாதீர்கள். சிறுநீரகம் பழுதுபட்ட நாய்க்கு அது ஆபத்தாகவே முடியும். காலையில் முதலில் கழிக்கும் சிறுநீரைச் சுத்தமான, உலர்ந்த பாத்திரத்தில் பிடித்துத் தாமதமின்றிக் கொண்டுசென்றால் பரிசோதனை எளிதாகும்.

அதட்டுவதால் ஒரு பயனும் இல்லை. தலையைத் தாழ்த்திக்கொண்டு நிற்பதைக் குற்ற உணர்ச்சி என்று பலர் எண்ணுகிறார்கள். உண்மையில் அது உங்கள் குரலைக் கேட்டு வரும் அச்சம். அஞ்சும் நாய் மறைவான மூலைகளைத் தேடிக் கழிக்கப் பழகிவிடும், அவ்வளவுதான்.

நனைந்த இடத்தை நொதி (என்சைம்) கலந்த துப்புரவுத் திரவத்தால் துடையுங்கள்; அம்மோனியா உள்ளவை சிறுநீரின் வாடையையே நினைவூட்டும் என்பதால் வேண்டாம். ஈரத்திலேயே கிடந்தால் தோல் புண்ணாகும். அடிவயிற்றையும் பின்தொடைகளையும் கழுவி உலர்த்துங்கள். எவ்வளவு முக்கியும் சிறுநீர் வரவில்லையென்றால் மட்டும் காத்திருக்காமல் உடனே மருத்துவரிடம் கொண்டுசெல்லுங்கள்.