அக்காவுக்குப் புரோநோட்டு எழுதித் தரலாமா?

கேள்வி: கணவர் ஓய்வுபெற்றபோது வந்த 9 லட்சத்தை ஒரு நிதி நிறுவனத்தில் போட்டேன். என்னை நம்பி அக்காவும் மகள் கல்யாணத்துக்கு வைத்திருந்த 6 லட்சத்தைப் போட்டார். இப்போது ஆபீஸைப் பூட்டிவிட்டு ஓடிவிட்டார்கள். அக்கா என் முகத்தைப் பார்ப்பதில்லை. 'நீதானே சேர்த்துவிட்டாய், புரோநோட்டு எழுதிக் கொடு' என்கிறார் அத்தான்.

பதில்: அம்மா, இயக்குநரின் கார், ஆபீஸில் காபி கொடுத்து உட்காரவைத்த பெண், பூட்டிய ஷட்டர் முன்னால் நீங்கள் அழுதது, எல்லாம் உங்கள் கடிதத்தில் படித்தேன். மனம் கனத்தது. ஆனால் சட்டத்துக்கு வேண்டியது கடிதத்தின் ஓரத்தில் நீங்கள் நுணுக்கி எழுதியிருக்கும் வரிதான்: 'அக்காவைச் சேர்த்ததற்கு 12 ஆயிரம் என் கணக்கில் விழுந்தது.'

அந்தப் பணம் இருக்கும்வரை போலீஸ் உங்களை ஏஜென்டாகவும் பார்க்கலாம். 2019-ஆம் ஆண்டின் ஒழுங்குபடுத்தப்படாத வைப்புத் திட்டங்கள் தடைச் சட்டம், ஆள் சேர்த்தவர்களில் தெரிந்தே பொய் சொன்னவரையும் முக்கிய உண்மையை வேண்டுமென்றே மறைத்தவரையும் தண்டிக்கிறது. உங்கள் 9 லட்சமும் அங்கே போயிருப்பது உங்களுக்குப் பெரிய துணை. கமிஷனை மறைக்காதீர்கள். வழக்கறிஞர் மூலம் விசாரணை அதிகாரியிடம் ஒப்படைத்துவிடுங்கள்.

நான் பயப்படுவது புரோநோட்டை நினைத்துத்தான். நான் வழக்கு நடத்திக் கொடுத்த ஒருவர், தையல் வேலை செய்பவர். உங்களைப் போலவே நாத்தனாரையும் சேர்த்துவிட்டுப் பணத்தை இழந்தவர். நாத்தனார் அழுவதைத் தாங்காமல் தொகை எழுதாத காசோலையில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். 'சும்மா ஒரு நம்பிக்கைக்கு' என்றுதான் வாங்கினார்கள். எட்டு மாதம் கழித்து 4 லட்சம் என்று நிரப்பி வங்கியில் போட்டார்கள். பணமில்லாமல் திரும்பியது. மாற்றுமுறை ஆவணச் சட்டம் 138-வது பிரிவில் வழக்கு. காசோலை கடனுக்காகக் கொடுத்தது என்றே நீதிமன்றம் முதலில் எடுத்துக்கொள்ளும். இல்லையென்று காட்டும் பொறுப்பு கையெழுத்துப் போட்டவர் தலையில். காசோலையின் ஜெராக்ஸில் தன் கையெழுத்தை விரலால் தடவியபடி அவர் நின்றது இன்னும் கண்ணில் நிற்கிறது. வீட்டை அடமானம் வைத்துத்தான் முடித்தார். தன் முதலீடும் போய், நாத்தனார் பணத்தையும் கட்டினார்.

புரோநோட்டும் இப்படித்தான்: நீங்கள் எழுதினால் கம்பெனியின் கடன் உங்கள் கடனாகிவிடும். அக்கா கேட்டாலும் எழுதாதீர்கள். அக்காவுக்கு உதவ மனமிருந்தால், முடிந்ததை வங்கி வழியாகக் கொடுத்து, 'உதவியாகப் பெற்றேன், வேறு பாக்கி இல்லை' என்று எழுதி வாங்குங்கள். நீதிமன்றம் வரை போகாமல் இப்படிப் பேசி முடிப்பதே நல்லது.

அக்கா தன் பெயரில் பொருளாதாரக் குற்றப் பிரிவில் தனியாகப் புகார் கொடுக்கட்டும். 1997-ஆம் ஆண்டின் தமிழ்நாடு முதலீட்டாளர் பாதுகாப்புச் சட்டப்படி, நிறுவனத்தின் முடக்கிய சொத்தை விற்றுப் பிரித்துத் தருவார்கள். வருடக்கணக்கில் ஆகும்; முழுதாக வருவது அபூர்வம். இதை அத்தானிடம் மறைக்காமல் சொல்லுங்கள்.

ஏற்கெனவே எதிலாவது கையெழுத்துப் போட்டுவிட்டீர்களா என்று கடிதத்தில் இல்லை. போட்டிருந்தால் தேதியோடு குறித்துக்கொண்டு, இந்த வாரமே ஒரு வழக்கறிஞரைப் பாருங்கள்.