நூலகர் பதில்கள்: '2 ஆஃப் 1898'

கே: முதுகலை வரலாறு படிக்கிறேன். நீலகண்ட சாஸ்திரியின் சோழர் வரலாற்றை ஆங்கிலத்தில் எடுத்து மூன்று மாதமாகிறது. நாற்பதாம் பக்கம் தாண்டவில்லை. அடிக்குறிப்பெல்லாம் வெறும் எண்களாக இருக்கின்றன. எனக்கு மூளை போதாதா, ஐயா? (மாணவி, தேவகோட்டை)

மூளையெல்லாம் தாராளமாக இருக்கிறது, அம்மா. வாசல்தான் தப்பு. முதல் பக்கத்தில் தொடங்கி வரிசையாகப் படிக்க அது தொடர்கதையா? கடைசியில் இருக்கும் பொருளடைவைத் திறந்துகொள். உனக்கு ஊர்ச்சபையைப் பற்றித் தெரிய வேண்டுமா, ஏரி வாரியத்தைப் பற்றியா? அந்தச் சொல்லைத் தேடி, அது காட்டுகிற நாலைந்து பக்கங்களை மட்டும் படி. அங்கிருந்து முன்னும் பின்னும் போ. நாற்பது பக்கம் தானாக நானூறாகும்.

அதற்கு முன், தலைப்புப் பக்கத்தின் பின்புறத்தைப் பார்த்தாயா? சென்னைப் பல்கலைக்கழகம் அந்த நூலை 1935-இலும் 1937-இலும் இரண்டு பகுதிகளாக வெளியிட்டது. 1955-இல் திருத்திய பதிப்பு வந்தது. பழையதில் உள்ள பக்க எண் புதியதில் அதே இடத்தில் இராது. பதிப்பு ஆண்டைப் போடாமல் பக்கத்தை மட்டும் எழுதி வாய்மொழித் தேர்வில் விழித்தவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

இனி அந்த எண்கள். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு பையன் '2 ஆஃப் 1898' என்று சீட்டில் எழுதிக்கொண்டு வந்தான். 1898-ஆம் வருஷத்து இரண்டாவது இதழ் வேண்டுமாம். எனக்கும் தெரியாது. தெரியாது என்று சொல்ல வாயும் வரவில்லை. ஒரு மதியம் முழுக்க இரண்டு பேரும் பழைய சஞ்சிகை ரேக்குகளைக் குடைந்தோம். அந்துருண்டை வாசனையில் தலைவலி வந்ததுதான் மிச்சம். சாயங்காலம் வரலாற்றுப் பேராசிரியர் ஒருவர் வந்து சிரித்துவிட்டுச் சொன்னார்: அது இதழ் இல்லை, சுவர்! 1898-இல் கல்வெட்டுத் துறையினர் படியெடுத்த வரிசையில் இரண்டாவது கல்வெட்டு. குடவோலை பற்றிப் பள்ளிக்கூடத்தில் படித்தாயே, அந்த உத்திரமேரூர்க் கல்வெட்டு. அந்த ஆண்டின் 1, 2 இரண்டுமே முதலாம் பராந்தகன் காலத்தவை. ஒன்று கி.பி. 919, மற்றது 921. காஞ்சிபுரத்தில் பஸ் ஏறினால் உத்திரமேரூர் வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் கையால் தொட்டே பார்க்கலாம். ஒரு முறை போய்விட்டு வா. அப்புறம் அடிக்குறிப்பு உனக்கு வெறும் எண்ணாகத் தெரியாது.

கே: எனக்கு வேண்டிய சமூகவியல் நூலின் விலை 9,000 ரூபாய். யார் வாங்குவார்கள் என்று நினைத்து அச்சடிக்கிறார்கள்? ஜெராக்ஸ் எடுத்தால் குற்றமா? (ஆய்வு மாணவர், திருவாரூர்)

நூலகம்தான் வாங்கும் தம்பி, உங்களை நினைத்து அதை அச்சடிக்கவில்லை. கெட்டி அட்டையில் சில நூறு படிகள் போட்டு, நூலகங்கள் எப்படியும் வாங்கும் என்ற தெம்பில் விலை வைப்பார்கள். ஓடுகிற புத்தகமாக இருந்தால் ஓரிரு ஆண்டில் சாதா அட்டையில் வரும். 'தெற்காசியாவில் மட்டும் விற்பனைக்கு' என்று போட்ட மலிவுப் பதிப்பும் வரலாம். பொறுத்துப் பாருங்கள்.

ஜெராக்ஸ் விஷயத்தில் பெரிய வழக்கே நடந்தது. ஆக்ஸ்ஃபோர்டு, கேம்பிரிட்ஜ், டெய்லர் அண்ட் ஃபிரான்சிஸ் என்ற மூன்று பெரும் பதிப்பகங்கள் 2012-இல் தில்லிப் பல்கலைக்கழக வளாகத்தில் இருந்த ஒரு ஜெராக்ஸ் கடை மீதும் பல்கலைக்கழகத்தின் மீதும் வழக்குப் போட்டன. பாடத்துக்கான பகுதிகளைத் தொகுத்துப் படியெடுத்துத் தந்தார்கள் என்பது புகார். 2016-இல் தில்லி உயர் நீதிமன்றம் வழக்கைத் தள்ளுபடி செய்தது. மேல்முறையீட்டிலும், கற்பித்தலுக்குத் தேவையான அளவு படியெடுக்கலாம் என்ற கருத்து நின்றது. 2017-இல் பதிப்பகங்களே வழக்கிலிருந்து விலகிக்கொண்டன. ஆகவே வகுப்புக்கு வேண்டிய அத்தியாயம் என்றால் தைரியமாக எடுங்கள். முழுப் புத்தகத்தையும் ஸ்பைரல் பைண்டிங் போட்டு நண்பர்களுக்கு விநியோகிக்க என்னிடம் அனுமதி கேட்காதீர்கள்.

கே: என் முனைவர் பட்ட ஆய்வேட்டை ஐ.எஸ்.பி.என். எண்ணோடு நூலாக்கித் தருவதாக ஒருவர் 15,000 ரூபாய் கேட்கிறார். கொடுக்கலாமா? (கௌரவ விரிவுரையாளர், சேலம்)

வேண்டாம். அந்த 13 இலக்கம் புத்தகத்துக்கு அடையாள எண், தரச் சான்று இல்லை. சமையல் குறிப்புப் புத்தகத்துக்கும் அதே மாதிரி எண்தான். இந்தியாவில் ராஜா ராம்மோகன் ராய் பெயரிலுள்ள அரசு முகமை அதை இலவசமாகவே தருகிறது. உங்கள் ஆய்வேட்டைத் துறை தெரிந்த ஒருவர் படித்துச் சிவப்பு மையால் கிழித்தாரா என்று பணம் கேட்கிறவரிடம் கேளுங்கள். 'அதற்கெல்லாம் நேரமில்லை சார்' என்பார். அங்கேயே எழுந்து வந்துவிடுங்கள்.

கே: அறிவியல், சமூக அறிவியல், இலக்கியம் என்று நூல்களைப் பிரித்து அடுக்குவது செயற்கையாக இல்லையா? நீங்கள் தவறாக அடுக்கியதுண்டா? (வாசகர், நாகர்கோவில்)

செயற்கைதான். சுனாமி பற்றிய நூலைப் புவியியலில் வைப்பதா, மீனவர் வாழ்க்கையில் வைப்பதா? இந்தச் சங்கடம் தெரிந்தவர் சீர்காழிக்காரர் எஸ்.ஆர். ரங்கநாதன். கணிதம் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தவர், 1924-இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் நூலகரானார். லண்டன் கடையொன்றில் பிள்ளைகள் துண்டுகளைக் கோத்து விதவிதமாகப் பொம்மை செய்யும் மெக்கானோ பெட்டியைப் பார்த்தார். ஒரு நூலின் பொருளையும் அப்படித் துண்டு துண்டாகக் கோத்து எண் கொடுக்கலாமே என்று தோன்றியிருக்கிறது. 1933-இல் வந்த அவருடைய கோலன் பகுப்புமுறை பிறந்த கதை அது. எங்கள் கல்லூரியில் இருந்தது என்னவோ ஒவ்வொரு துறைக்கும் ஓர் எண் கொடுக்கும் டியூயி பகுப்புமுறைதான்.

தவறா? ஃபீல்டு தியரி என்று ஒரு புத்தகம் வந்தது. அவசரத்தில் தலைப்பை மட்டும் பார்த்து, ஃபீல்டு என்றால் வயல் என்று நினைத்துவிட்டேன். இயற்பியலுக்கு 530, வேளாண்மைக்கு 630. நான் 630 போட்டு, உரமும் பூச்சிக்கொல்லியும் இருக்கும் ரேக்கில் செருகிவிட்டேன். ஆறு வருஷம் அங்கேயே இருந்தது. இருப்புச் சரிபார்ப்பின்போது கையில் எடுத்து முதல் சமன்பாட்டைப் பார்த்ததும்தான் அது இயற்பியல் என்று உறைத்தது. தேதிச் சீட்டைப் பார்த்தேன். ஒரே ஒரு முத்திரை. மாணவர் எண்ணைப் பதிவேட்டில் தேடினால், தாவரவியல் இரண்டாம் ஆண்டு. பதினான்கு நாள் முழுசாக வைத்திருந்து, அபராதமில்லாமல் திருப்பியிருக்கிறான்.