அப்பா அம்மாவோடு ஒரு நாள் மாயன் நகரம்: தனி வழிகாட்டிக்குச் செலவு செய்யலாமா?

ஹூஸ்டனில் வேலை பார்க்கும் வாசகி ஒருவர் கேட்டிருக்கிறார்: "மதுரையிலிருந்து அப்பா அம்மா வந்திருக்கிறார்கள். மார்ச் மூன்றாவது வாரம், மகனின் பள்ளி விடுமுறையில் ஐந்து பேரும் மெக்ஸிகோவின் கான்கூன் போகிறோம். ஒரு நாள் மாயன் மக்கள் கட்டிய பழம் நகரமான சிச்சென் இட்சா பார்க்க ஆசை. ஓட்டலில் விற்கிற பஸ் டூரில் போவதா, தனி வண்டியும் வழிகாட்டியும் வைத்துக்கொள்வதா? அப்பாவுக்கு 68 வயது, மூட்டு வலி. அம்மா சுத்த சைவம். மகனுக்கு 9 வயது. தனி டூருக்கு விலை அதிகம் சொல்கிறார்கள். அந்தப் பணத்துக்குத் தகுமா?"

உங்கள் குடும்பத்துக்குத் தகும். ஆனால் அந்தப் பணத்தில் நீங்கள் வாங்க வேண்டியது ஏசி வண்டியையோ குளிர்ந்த தண்ணீர் பாட்டிலையோ அல்ல. கேட் திறக்கும்போது அங்கே நிற்பதற்கும், விஷயம் தெரிந்த ஒருவர் உங்கள் அப்பாவின் நடைக்கு ஏற்பக் கூட வருவதற்கும்தான் அந்தக் கூடுதல் பணம். இந்த இரண்டும் கிடைக்காது என்றால் பஸ்ஸிலேயே போய்விடலாம்.

நேரத்தை முதலில் பார்ப்போம். கான்கூனிலிருந்து சிச்சென் இட்சா ஏறக்குறைய 200 கிலோமீட்டர், சுங்கச்சாலையில் இரண்டரை மணி நேரம். பஸ் டூர் நாலைந்து ஓட்டல்களில் ஆள் ஏற்றி, வழியில் ஒரு கைவினைக் கடையில் நிறுத்தி, பஃபே சாப்பாடும் முடித்து, பெரும்பாலும் உச்சி வெயிலில்தான் கொண்டுபோய் இறக்கும். அங்கே பெரிய பிரமிடைச் சுற்றி இருப்பது திறந்த மைதானம். நிழல் ஓரத்து மரங்களில்தான். மார்ச்சில் பன்னிரண்டு மணி வெயிலில் மூட்டு வலிக்காரர் ஒருவரை அங்கே நடக்க வைக்கக் கூடாது.

பலருக்குத் தெரியாத ஒரு சௌகரியமும் இருக்கிறது. கான்கூன் இருப்பது கின்டானா ரோ மாநிலத்தில், சிச்சென் இட்சா இருப்பது யுகடான் மாநிலத்தில். யுகடான் கடிகாரம் ஒரு மணி நேரம் பின்னால் ஓடும். கான்கூன் நேரம் காலை 6 மணிக்குக் கிளம்பினால் எட்டரைக்குப் போய்ச் சேருவீர்கள். அங்கே அப்போது ஏழரைதான். கேட் திறப்பது 8 மணிக்கு. டிக்கெட் வரிசையில் முதல் ஆட்களாக நின்று, பஸ்கள் வந்து குவிவதற்குள் முக்கியமான எல்லாவற்றையும் பார்த்துவிடலாம். திரும்பும்போது அந்த ஒரு மணி நேரம் கையை விட்டுப் போகும் என்பதையும் கணக்கில் வையுங்கள். வண்டி பேசும்போது "எட்டு மணிக்குக் கேட்டில் நிற்க வேண்டும், சுங்கச்சாலையில்தான் போக வேண்டும்" என்று எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். சுங்கம் மிச்சம் பிடிக்க ஊர்ச் சாலையில் விட்டால், ஒவ்வொரு கிராமத்திலும் பெரிய பெரிய வேகத்தடைகள். நேரமும் போகும், அப்பாவின் இடுப்பும் போகும்.

அடுத்தது வழிகாட்டி. இங்கேதான் நிறையப் பேர் ஏமாறுகிறார்கள். "தனி டூர்" என்று விற்கப்படுவதில் பல, வெறும் வண்டியும் டிரைவரும்தான். கேட்டில் இறக்கிவிட்டு அவர் வண்டிக்குள் உட்கார்ந்துவிடுவார். ஆகவே உள்ளே கூட வருபவர் யார், அவரிடம் மெக்ஸிகோ சுற்றுலாத் துறை கொடுக்கும் வழிகாட்டி அடையாள அட்டை இருக்கிறதா, எந்த மொழியில் பேசுவார் என்று முன்கூட்டியே கேளுங்கள். அந்த அட்டையில் புகைப்படம் இருக்கும், பேசும் மொழிகளும் இருக்கும். கேட்டருகே அட்டையோடு வழிகாட்டிகள் நிற்பார்கள், அங்கேயே பேசிக்கொள்ளவும் முடியும். ஆனால் குழந்தையும் பெரியவர்களும் இருக்கும்போது காலையில் கேட்டில் நின்று பேரம் பேசிக்கொண்டிருப்பதை நான் விரும்பமாட்டேன்.

ஒருவருக்கு விஷயம் தெரியுமா என்று பார்க்க, முன்பதிவுக்கு முன்னால் ஒரே ஒரு கேள்வி அனுப்பிப் பாருங்கள்: "சிச்சென் இட்சாவின் புனிதக் கிணற்றில் யாரைப் பலி கொடுத்தார்கள்?" கன்னிப்பெண்களை நகை போட்டுத் தள்ளினார்கள் என்ற பழைய கதையை மட்டும் திருப்பிச் சொன்னால் வேறு ஆளைத் தேடுங்கள். அந்தக் கிணற்றிலிருந்து எடுத்த எலும்புகளில் ஆண்களும் சிறு பிள்ளைகளும் உண்டு. அதற்குப் பக்கத்தில் ஒரு நிலத்தடி அறையில் 1967-இல் கிடைத்த குழந்தைகளின் எலும்புகளில் 64 பேருடையதை மரபணு முறையில் ஆராய்ந்து 2024-இல் முடிவை வெளியிட்டார்கள். எல்லோருமே சிறுவர்கள். அதில் இரட்டையர்களும் இருந்தார்கள். நல்ல வழிகாட்டி இதைத் தெரிந்து வைத்திருப்பார். உங்கள் மகன் முன்னால் எதைச் சொல்வது, எதை உங்களிடம் தனியாகச் சொல்வது என்றும் அவருக்குத் தெரியும். இருந்தாலும் முதலிலேயே சொல்லி வையுங்கள்.

சரி, உள்ளே போனதும் எதற்கு நேரம் கொடுப்பது? எல்லோரும் முதலில் ஓடுவது பாம்புக் கடவுளான குகுல்கானின் பிரமிடுக்கு. நான்கு பக்கமும் படிகள், பக்கத்துக்கு 91. மேலே கோயில் மேடை ஒரு படி. மகனைக் கூட்டச் சொல்லுங்கள், 365 வரும். ஓர் ஆண்டின் நாட்கள் அவை. 2006-இல் ஒரு பெண்மணி விழுந்து இறந்த பிறகு யாரையும் மேலே ஏற விடுவதில்லை. ஆகவே "எனக்கு மூட்டு வலி, நீங்கள் ஏறிவிட்டு வாருங்கள்" என்று உங்கள் அப்பா ஓரமாக உட்கார வேண்டிய அவசியமே இல்லை. வடக்குப் பக்கப் படிக்கட்டுக்கு நேராகச் சற்றுத் தள்ளி நின்று ஒரு முறை ஓங்கிக் கைதட்டுங்கள். திரும்பி வருவது கைதட்டல் சத்தமாக இருக்காது. மேலிருந்து கீழே வழுக்கி இறங்கும் ஒரு பறவையின் கூவல் போல "ச்ச்யூ" என்று வரும். கெட்ஸால் பறவையின் குரல் என்கிறார்கள். கூட்டம் சேர்ந்த பிறகு இது காதில் விழாது. காலையில் போவதற்கு இது ஒன்றே எனக்குப் போதுமான காரணம்.

அப்புறம் மாயன்கள் பந்தாடிய மைதானம். 168 மீட்டர் நீளம். மெக்ஸிகோ, மத்திய அமெரிக்கப் பழம் நகரங்களில் இதைவிடப் பெரியது கிடையாது. மேலே சுவரில் இருக்கும் கல் வளையங்களைப் பார்த்துவிட்டுக் கூட்டம் நகர்ந்துவிடும். நீங்கள் சுவரின் அடிப்பகுதியில் செதுக்கியிருக்கும் சிற்பங்களைப் பாருங்கள். இரண்டு அணிகள் எதிரெதிராக நிற்கின்றன. ஒருவன் கையில் வெட்டிய தலை. எதிரே மண்டியிட்டிருப்பவனின் கழுத்திலிருந்து பீறிடும் ரத்தம் பாம்புகளாக நெளிகிறது. காலைச் சாய்வெயிலில் அந்தக் கோடுகள் தெளிவாக எழுந்து வரும். மதியம் வெயில் நேராக விழும்போது பாதி தெரியாது. ஜெயித்தவனைப் பலி கொடுத்தார்களா, தோற்றவனையா என்று மகன் நிச்சயம் கேட்பான். இதற்கு யாரிடமும் உறுதியான விடை இல்லை. "ஜெயித்தவன்தான்" என்று அடித்துச் சொல்லும் வழிகாட்டி கதை சொல்கிறார்.

தெற்கே உள்ள பழைய பகுதிக்குப் பஸ் கூட்டம் பெரும்பாலும் வருவதில்லை. வட்ட வடிவ வானாய்வுக் கூடமும், வளைந்த நீள மூக்கு வைத்த மழைக்கடவுள் சாக்கின் முகங்கள் சுவர் முழுக்க அடுக்கிய சிறு கட்டடங்களும் அங்கே இருக்கின்றன. எனக்குப் பிரமிடைவிட இவைதான் பிடிக்கும். இந்தப் பகுதியில் ஆறே கிடையாது. சுண்ணாம்புக்கல் தரை மழையை அப்படியே உறிஞ்சிக் கீழே விட்டுவிடும், தண்ணீர் வேண்டுமென்றால் கிணற்றுக்குத்தான் போக வேண்டும். அப்படிப்பட்ட ஊரில் மழைக்கடவுளைச் சுவரெல்லாம் செதுக்கியதன் அர்த்தம், வைகை வறண்டு கிடப்பதைப் பார்த்த உங்கள் அப்பாவுக்கு விளக்காமலே புரியும்.

மூட்டு வலி பற்றி வெளிப்படையாகவே சொல்கிறேன். சிச்சென் இட்சா சமதரைதான், ஆனால் எல்லாம் சுற்றினால் மூன்று நான்கு கிலோமீட்டர் ஆகிவிடும், தரை மண்ணும் சரளையும். கைத்தடியோடு, உட்கார்ந்து உட்கார்ந்து போகக்கூடியவர் என்றால் பிரச்சினை இல்லை. அரை மணி நேரம் தொடர்ந்து நடக்க முடியாதவர் என்றால் கோபாவுக்கு மாற்றிக்கொள்ளுங்கள். அதுவும் பெரிய மாயன் நகரம். 42 மீட்டர் உயரப் பிரமிடு, காட்டுக்குள் நிழலான பாதை. அங்கே மூன்று சக்கர சைக்கிள் வண்டிகள் வாடகைக்குக் கிடைக்கும். அப்பா அம்மா முன்னால் உட்கார்ந்துகொண்டால் ஓட்டுபவர் பின்னாலிருந்து மிதிப்பார். மகனுக்கு ஒரு சைக்கிள் எடுத்துக் கொடுத்துவிடலாம். சிற்பங்கள் அங்கே ரொம்பவே தேய்ந்து போயிருக்கும், அது ஒன்றுதான் குறை.

ஒரே நாளில் சிச்சென் இட்சா, கோபா, துலும் மூன்றையும் காட்டுகிறேன் என்பவர்களிடம் போகாதீர்கள். முக்கால்வாசி நேரம் ரோட்டில்தான் போகும். ஒரு நகரம், ஒரு செனோட்டே, வாயடோலிட் ஊரில் மதியச் சாப்பாடு. இதுவே நிறைவான நாள். செனோட்டே என்பது சுண்ணாம்புக்கல் கூரை இடிந்து உருவான இயற்கைக் கிணறு. சிச்சென் இட்சா பக்கத்தில் இருக்கும் இக் கில் மிக அழகு, ஆனால் தண்ணீர் தரைமட்டத்திலிருந்து ஏறக்குறைய 26 மீட்டர் கீழே. ஈரமான கல் படிகள். அப்பா மேலே தடுப்புச் சுவரருகே நின்று பார்க்கட்டும், அங்கிருந்தே முழுக் கிணறும் தெரியும். மகன் இறங்கினால் லைஃப் ஜாக்கெட் கட்டாயம். சன்ஸ்கிரீன் பூசியிருந்தால் ஷவரில் கழுவிவிட்டுத்தான் இறங்க விடுவார்கள். அந்தத் தண்ணீர் நிலத்தடி நீரோடு சேர்கிறது.

அம்மாவின் சாப்பாட்டை முன்கூட்டியே சொல்லி வைக்காவிட்டால் சிரமம்தான். யுகடானில் "சைவம்" என்று கேட்டால் கறித்துண்டை மட்டும் எடுத்துவிட்டுக் கொடுப்பார்கள். கருப்பு பீன்ஸில் பன்றிக் கொழுப்பு இருக்கலாம், சாதத்தைக் கோழிச் சாற்றில் வேகவைத்திருக்கலாம். "சின் கார்னே, சின் போயோ, சின் மான்தேகா" என்று சொல்லுங்கள். இறைச்சி, கோழி, கொழுப்பு எதுவும் வேண்டாம் என்று பொருள். இதை வழிகாட்டியே சமையல்காரரிடம் நேரில் பேசிவிடுவது இன்னும் நல்லது. சிகில் பாக் என்று கேட்டு வாங்குங்கள். வறுத்த பூசணி விதையையும் சுட்ட தக்காளியையும் மிளகாய் சேர்த்து அரைத்தது, நம் துவையல் மாதிரியே இருக்கும். சோள டார்ட்டில்லாவோடு அம்மா திருப்தியாகச் சாப்பிடுவார். ஹபனேரோ மிளகாயை மட்டும் ஊரில் காரம் சாப்பிட்ட தைரியத்தில் எடுத்துவிட வேண்டாம்.

பணம். தனி டூர் வண்டிக்குச் சில நூறு டாலர் ஆகும், பஸ் டூர் தலைக்குக் கணக்கு. ஐந்து பேருக்குப் பெருக்கிப் பார்த்தால் வித்தியாசம் விளம்பரத்தில் தெரிகிற அளவுக்கு இருக்காது. நுழைவுக் கட்டணம் இரண்டு பங்கு, மத்திய அரசுக்கு ஒன்று, மாநிலத்துக்கு ஒன்று. வெளிநாட்டவருக்கு இரண்டும் சேர்ந்து கணிசமான தொகை, ஆண்டுதோறும் ஏறவும் செய்கிறது. "நுழைவுக் கட்டணம் உட்பட" என்று எழுதியிருந்தால் இரண்டுமா என்று கேளுங்கள். கையில் பெசோ ரொக்கம் இருக்கட்டும். வழிகாட்டிக்கும் டிரைவருக்கும் டிப்ஸ் கொடுப்பது அங்கே வழக்கம்.

பாஸ்போர்ட் விஷயத்தில் கவனம். செல்லுபடியாகும் அமெரிக்க விசா முத்திரையோ கிரீன் கார்டோ இருந்தால் இந்தியர்களுக்குத் தனி மெக்ஸிகோ விசா தேவையில்லை. அப்பா அம்மாவின் பார்வையாளர் விசாவுக்கும் இது பொருந்தும். ஆனால் உங்கள் எச்1பி முத்திரை காலாவதியாகி, அனுமதிக் கடிதம் மட்டும் கையில் இருந்தால் அது மெக்ஸிகோவுக்குள் நுழைய உதவாது. டிக்கெட் போடுவதற்கு முன்பே பாஸ்போர்ட்டைத் திறந்து தேதியைப் பாருங்கள்.

கடைசியாக, எந்த நாள் என்பது. மார்ச் 20, 21-இல் பகலும் இரவும் சமமாக இருக்கும்போது, மாலை வெயிலில் பிரமிடின் வடக்குப் படியோரம் பாம்பு இறங்குவது போல நிழல் விழும். அதைப் பார்க்கப் பெரும் கூட்டம் திரளும். அதே நிழல் முன்பின் சில நாட்களிலும் தெரியும், ஆனால் மாலை வரை காத்திருக்க வேண்டும். உங்கள் குடும்பத்துக்கு அது வேண்டாம். ஞாயிறும் வேண்டாம், அன்று மெக்ஸிகோ மக்களுக்கு மத்திய அரசுக் கட்டணம் கிடையாது, கூட்டம் அதிகம். அந்த வாரத்தில் இந்த மூன்று நாளையும் தள்ளிவிட்டு ஒரு வார நாளைப் பிடித்து, வண்டியை இப்போதே பேசிவிடுங்கள். விடுமுறை வாரம் என்பதால் நல்ல வழிகாட்டிகள் சீக்கிரமே பதிவாகிவிடுவார்கள்.