பேரல் ஜீன்ஸ்: வளைவு முழங்காலில் நிற்க வேண்டும்

கேள்வி: என் உயரம் 5 அடி 1 அங்குலம். ஆசைப்பட்டு ஒரு பேரல் ஜீன்ஸ் வாங்கினேன். அணிந்து பார்த்தால் கால்கள் வளைந்திருப்பது போலவும், உயரம் இன்னும் குறைந்துவிட்டது போலவும் தெரிகிறது. நீளமும் 2 அங்குலம் அதிகம், வெட்டித் தைத்துக்கொள்ளலாமா? நான் பெரும்பாலும் தொடை வரை வரும் ஷர்ட்தான் அணிவேன். இதற்கு எந்த மேலாடையும் காலணியும் பொருந்தும்?

பதில்: டெய்லரிடம் கொடுப்பதற்கு முன் இதைப் படித்துவிடுங்கள். நீங்கள் சொல்லும் குறைகள் எல்லாம் பெரும்பாலும் ஒரே காரணத்தால் வருபவை என்று நினைக்கிறேன்: ஜீன்ஸின் வளைவு உங்கள் காலில் விழவேண்டிய இடத்துக்குக் கீழே விழுகிறது.

பேரல் ஜீன்ஸ் இடுப்பில் சரியாகப் பிடித்து, தொடையிலிருந்து மெல்ல வெளியே வளைந்து, முழங்கால் அருகே மிக அகலமாகி, அங்கிருந்து கணுக்காலை நோக்கிக் குறுகி வரும். அகலக்கால் ஜீன்ஸ் கீழே வரும்போது மறுபடி குறுகுவதில்லை. பலூன் ஜீன்ஸில் அகலம் பெரும்பாலும் இடுப்புச் சுருக்கங்களிலிருந்தே தொடங்கிவிடும். பேரலிலோ துணியை வெட்டும்போதே தையல் கோட்டை வில்லாக வெட்டிவிடுகிறார்கள் என்பதால், மிக அகலமான இடம் எது என்பது அப்போதே முடிவாகிவிடுகிறது. வழக்கமான நீளத்தில் வரும் ஜீன்ஸ்கள் உங்களைவிடச் சில அங்குலமாவது உயரமானவர்களுக்காக வெட்டப்படுபவை. அவர்களுக்கு முழங்காலில் விழும் அகலம் உங்களுக்குக் கெண்டைக்காலில் விழும்போது, முழங்காலுக்குக் கீழுள்ள பகுதி குட்டையாகத் தெரியும்.

ஒரு சின்னச் சோதனை செய்து பாருங்கள். கண்ணாடி முன் நின்று, இடுப்புப் பட்டியை இரு கைகளாலும் பிடித்து ஒரு அங்குலம் மேலே தூக்குங்கள். வளைவும் அதனுடன் ஏறி முழங்காலுக்கு வந்து, கால் உடனே நீண்டது போல் தெரிந்தால், உங்கள் ஜீன்ஸில் குறை இடுப்பில்தான் இருக்கிறது. அது தளர்ந்து கீழே இறங்கியிருக்கிறது. பருத்தி டெனிம் சில மணி நேரம் அணிந்ததுமே இடுப்பில் கொஞ்சம் இளகும் இயல்புடையது. ஆகவே இடுப்பைப் பின்பக்கத்தில் பிடித்துத் தைத்தாலோ, ஒரு பெல்ட் அணிந்தாலோ போதும். தூக்கிய பிறகும் அகலம் முழங்காலுக்கு 2 அங்குலம் கீழேயே நின்றால், அதை எந்த டெய்லராலும் மேலே ஏற்ற முடியாது. மாற்றித் தருவார்களானால், உட்கால் நீளம் (கவட்டிலிருந்து அடி ஓரம் வரையுள்ள நீளம்) குறைவான அளவை வாங்கிக்கொள்வதே நல்லது.

இப்போது நீளத்துக்கு வருவோம். பேரல் ஜீன்ஸில் அடிப்பகுதிதான் மிகக் குறுகலான பகுதி. அதில் 2 அங்குலத்தை வெட்டினால், வளைவை முடித்துவைக்கும் அந்தக் குறுகலே போய், விரிந்த நிலையில் கால் பாதியில் நின்றுவிடும். எனவே வெட்டுவதற்கு முன், ஜீன்ஸை ஒரு முறை துவைத்து, சுருங்கவேண்டியது சுருங்கிய பிறகு அடி ஓரத்தின் சுற்றளவை அளந்து எழுதிவைத்துக்கொள்ளுங்கள்; வெட்டிய பின்னும் அதே சுற்றளவு வர வேண்டும் என்று டெய்லரிடம் சொல்லுங்கள். அதற்காக அவர் முழங்காலுக்குக் கீழிருந்து உள்பக்கத் தையலிலும் வெளிப்பக்கத் தையலிலும் சம அளவில் பிடிக்க வேண்டும். ஒரே பக்கத்தில் பிடித்தால் கால் முறுக்கிக்கொள்ளும். அரை அங்குலம் மட்டும் குறைப்பதானால் இத்தனை வேலை தேவையில்லை. ஓரத்தை வெளியே மடித்துவிடலாமே என்று தோன்றும். ஆனால் கீழே குறுகும் காலை மேலே மடித்தால், குறுகிய ஓரம் அகலமான பகுதியின் மீது ஏறி அதை இறுக்கிப் பிடிக்கும், மடிப்புக்கு மேலே துணி உப்பும். ஒரு மெல்லிய மடிப்புக்கு மேல் வேண்டாம். ஓரம் கணுக்கால் எலும்புக்குச் சற்று மேலே முடிவதுதான் உங்கள் உயரத்துக்கு அழகு.

கால்கள் வளைந்தது போல் தெரிவதற்கு இன்னொரு காரணமும் இருக்கலாம். ஜீன்ஸைக் கட்டிலில் சமமாக விரித்து உள்பக்கத் தையலைப் பாருங்கள். அது ஏறக்குறைய நேராக இறங்கி, வெளிப்பக்கம் மட்டும் வளைந்திருந்தால் அது மிதமான பேரல். உள்பக்கமும் சேர்ந்து வில்லாக வளைந்திருந்தால், நிற்கும்போது இரு முழங்கால்களுக்கும் நடுவே ஒரு இடைவெளி விழும். வளைந்த கால் போன்ற தோற்றத்தைத் தருவது அந்த இடைவெளிதான். அடுத்த முறை வாங்கும்போது உள்பக்கம் நேராக உள்ளதையே தேடுங்கள். துணி முழுப் பருத்தியாக, சதுர கஜத்துக்கு 12 அவுன்ஸ் எடையளவில் இருந்தால் வளைவு தன் வடிவில் நிற்கும். ஸ்ட்ரெட்ச் அதிகமுள்ள துணி வளைவைத் தாங்காது. உட்கார்ந்து எழுந்தால் முழங்காலில் தொய்ந்த பை போலத் தொங்கும்.

மேலாடையில்தான் நீங்கள் உண்மையில் மாற வேண்டியிருக்கும். இந்த ஜீன்ஸுக்கு ஒடுங்கிய இடங்கள் இரண்டு: ஒன்று இடுப்பு, மற்றொன்று கணுக்கால். அந்த இரண்டும் கண்ணுக்குத் தெரிந்தால்தான் நடுவிலுள்ள அகலம் வேண்டுமென்றே செய்த வடிவமாகத் தெரியும். தொடை வரை வரும் ஷர்ட் இடுப்பை மறைத்து, வளைவு விரியத் தொடங்கும் இடத்திலேயே ஒரு குறுக்குக் கோட்டையும் போட்டுவிடுகிறது. உடலோடு ஒட்டிய டி-ஷர்ட்டை உள்ளே விட்டு அணியுங்கள். அல்லது இடுப்புப் பட்டியைத் தொட்டு முடியும் ஷர்ட்டையோ குட்டை ஜாக்கெட்டையோ அணியுங்கள். நீளமான ஷர்ட்டை விட மனமில்லை என்றால், பட்டன் போடாமல் திறந்து விட்டு, உள்ளே ஒட்டிய பனியன் டாப்பை டக் இன் செய்யுங்கள். திறந்த ஷர்ட்டின் நடுவே பெல்ட் தெரியும் அந்த நான்கு விரல் அகலமே இடுப்பைக் காட்டிவிடும், பக்கங்கள் மறைந்தும் இருக்கும். முன்பக்கத்தை மட்டும் டக் இன் செய்வது மெல்லிய துணிக்குச் சரி. தடித்த துணி வயிற்றில் உருண்டு நிற்கும். தோள் இறங்கிய தொளதொள மேலாடை உயரமானவர்களுக்கு எடுபடலாம். உங்களுக்கு நான் பரிந்துரைக்க மாட்டேன்.

காலணி மெலிந்ததாக இருக்கட்டும். கூர்முனை கொண்ட தட்டைக் காலணி, லோஃபர், அடி தடிக்காத ஸ்னீக்கர் ஆகிய மூன்றும் பொருந்தும். தடித்த அடியுள்ள ஸ்னீக்கரின் மீது ஓரம் வந்து குவிந்தால் கணுக்கால் மறைந்து, குறுகல் முடியும் இடம் தெரியாமல் போகும். கணுக்காலைச் சுற்றிக் கட்டும் பட்டைச் செருப்பு அதே இடத்தில் இன்னொரு கோடு போடுவதால் அதையும் தவிர்க்கலாம். பூட்ஸ் அணிவதானால், அதன் கழுத்து ஜீன்ஸுக்குள் சுருக்கமின்றி நுழையும் அளவுக்கு ஒடுங்கியதாக வேண்டும்.

நிறத்தில் சீரான அடர் நீலமே உங்களுக்கு என் முதல் தேர்வு. தொடையில் வெளுத்த திட்டுகள் உள்ள ஜீன்ஸ், ஏற்கெனவே அகலமான இடத்தையே மேலும் அகலமாக்கிக் காட்டும். துவைக்கும்போது உட்புறம் வெளியே வரத் திருப்பிக் குளிர்ந்த நீரில் துவைத்து, இடுப்புப் பட்டியில் கிளிப் போட்டுத் தொங்கவிட்டு உலர்த்துங்கள். இஸ்திரி போடுவதானால் காலின் நடுவே மடிப்புக்கோடு விழாமல் பார்த்துக்கொள்ளுங்கள். அந்தக் கோடு விழுந்துவிட்டால், அடுத்த துவைப்பு வரை வளைவு தட்டையாகவே தெரியும்.