செத்தவர் பக்கமிருந்தும் எண்ணுங்கள்

அன்புள்ள ஐயா,

அமெரிக்காவின் ஃபுளோரிடா மாநிலத்தில் சுட்டுக் கொல்லப்பட்ட கறுப்பினப் பையன் டிரேவான் மார்ட்டின் பற்றி எழுதியிருந்தீர்கள். ஃபுளோரிடாவின் தற்காப்புச் சட்டத்தில் இனம் பற்றி ஒரு வார்த்தைகூடக் கிடையாது. கறுப்பினத்தவரும் அதைச் சொல்லி விடுதலையாகியிருக்கிறார்கள். பிறகு ஏன் இதை இனப் பிரச்சினையாக்குகிறீர்கள்?

எம்.

அன்புள்ள எம்.,

நீங்கள் சொல்வது பாதி சரி. டாம்பா பே டைம்ஸ் பத்திரிகை 2012இல் அந்த மாநிலத்தின் ஏறக்குறைய 200 வழக்குகளைத் தேடியெடுத்துப் பார்த்தது. இந்தச் சட்டத்தைக் காட்டித் தப்பியதில் கறுப்பர், வெள்ளையர் என்று பெரிய வித்தியாசமில்லை. சரி, இப்போது செத்தவர் யார் என்று பாருங்கள். கறுப்பினத்தவரைக் கொன்றவர்களில் 73 சதவீதம் பேர் தண்டனையே இல்லாமல் போயிருக்கிறார்கள், வெள்ளையரைக் கொன்றவர்களில் 59 சதவீதம்.

சட்டத்தில் எழுதாத இனம் எங்கிருந்து வந்தது? 2005க்கு முன்னால், வெளியிடத்தில் ஒருவர் தாக்க வந்தால், விலகிப் போக வழியிருந்தால் விலகித்தான் போகவேண்டும். அந்த வருடம் அதை எடுத்துவிட்டார்கள். உயிருக்கு ஆபத்து என்று நியாயமாக நம்பினாலே போதும், நின்ற இடத்திலேயே சுடலாம். அந்தப் பயம் நியாயமானதா என்று முதலில் முடிவு செய்வது சம்பவ இடத்துக்கு வரும் போலீஸ்தான், இருட்டில் நடந்துபோகும் ஒரு கறுப்பினப் பையனைப் பார்த்து எவருக்கும் பயம் வரத்தான் செய்யும் என்று அவர்களுக்கே தோன்றினால் கதை அங்கேயே முடிந்துவிடுகிறது. டிரேவானுக்கு 17 வயது, கடையில் வாங்கிய மிட்டாய்ப் பொட்டலமும் குளிர்பானமும்தான் அவனிடம் இருந்தன. சுட்ட ஜிம்மர்மேனைக் கைது செய்ய ஆறு வாரத்துக்கு மேல் ஆனது, அதுவும் நாடு முழுக்கப் போராட்டம் நடந்த பிறகு. வழக்குக்கு முன்பே அவரை விடுவிக்கச் சொல்லி அவருடைய வக்கீல்கள் இந்தச் சட்டத்தின் கீழ் தனி விசாரணை கேட்கவில்லை, உண்மைதான். ஆனால் பின்வாங்கும் கடமை அவருக்கு இல்லை என்பது அவரை விடுவித்த ஜூரிகளுக்குத் தந்த அறிவுரையிலேயே இருந்தது.

அப்புறம் அதே மாநிலத்தின் ஜாக்சன்வில் நகரில் மரிஸா அலெக்சாண்டர். கறுப்பினப் பெண், ஏற்கெனவே தன்னை அடித்திருந்த கணவனுக்குப் பயந்து ஒரே ஒரு முறை சுட்டார், குண்டு சுவரில் பாய்ந்தது, ஒருவருக்கும் காயமில்லை. கராஜுக்குப் போனவர் துப்பாக்கியோடு திரும்பி வந்தாரே, அது பயந்தவர் செய்யும் காரியமா என்று கேட்டு நீதிபதி இந்தச் சட்டத்தின் பாதுகாப்பைத் தர மறுத்தார். ஜூரிகள் 12 நிமிடத்தில் குற்றவாளி என்றார்கள், தண்டனை 20 வருடம். மேல்முறையீட்டில் அது ரத்தாகி, பிறகு அரசுத் தரப்போடு சமரசம் பேசி, 2015இல்தான் சிறையிலிருந்து வெளியே வந்தார். அவருடைய பயம் ஏன் நியாயமானதாகப் படவில்லை? எனக்கு இன்னமும் ஆறாத கோபம் இது.

2017இல் இன்னொரு திருத்தம் கொண்டுவந்தார்கள். அதுவரை வழக்குக்கு முந்தைய விசாரணையில், நான் தற்காப்புக்காகத்தான் சுட்டேன் என்று சுட்டவர் நிரூபிக்கவேண்டும், இப்போதோ சுட்டது தற்காப்புக்காக இல்லை என்று அரசுத் தரப்பு நிரூபிக்கவேண்டும். முதலில் அந்தத் திருத்தத்தையாவது திரும்பப் பெறட்டும்.