உளியைத் தொடாத ஓவியர்

கேள்வி (கும்பகோணம் வாசகர்): ஜப்பானிய மர அச்சு ஓவியர் உதமாரோவைப் பற்றி வசனமே இல்லாத சரித்திரப் படம் ஒன்றுக்குத் திரைக்கதை எழுதுகிறேன். அவர் மரத்தைச் செதுக்கி அச்சடிக்கும் காட்சியை எப்படி அமைக்கலாம்?

பதில்: முதலில் அவர் கையிலிருந்து உளியை வாங்கிவிடுங்கள். அன்றைய எடோ நகரில் (இன்றைய டோக்கியோ) ஓவியர் வரைவதோடு சரி. செதுக்க ஒருவர், அச்சடிக்க ஒருவர், முதல் போட்டு விற்கப் பதிப்பாளர் என்று வேலை பிரிந்திருந்தது.

மெல்லிய தாளில் மையால் வரைந்த படத்தை மலைச் செர்ரிப் பலகையில் குப்புற ஒட்டுவார்கள். தாளின் முதுகை விரலால் தேய்த்து உரித்து, எண்ணெய் தடவினால் கோடுகள் துலங்கும். கோட்டை நிறுத்தி மற்ற இடத்தைச் செதுக்கி எடுக்க வேண்டும். ஓவியர் வரைந்த மூலம் அதோடு அழிந்துவிடும். ஒரு சொல்லும் தேவைப்படாத காட்சி இது, விட்டுவிடாதீர்கள். நெற்றியோர மயிரிழைகளைக் கைதேர்ந்த மூத்த செதுக்குநரே வெட்டுவார்.

பிறகு நிறத்துக்கொரு பலகை. எல்லாவற்றிலும் ஒரே இடத்தில் 'கெந்தோ' என்ற இரண்டு குறிகள் வெட்டியிருக்கும்: மூலையில் 'ட' போல ஒன்று, விளிம்பில் நேர்கோடாக ஒன்று. தாளை இவற்றில் பொருத்தித்தான் வைப்பார்கள். தாள் சீரான ஈரத்தில் இருக்க வேண்டும். நடுவில் காய்ந்தால் சுருங்கி, நிறம் கோட்டை விட்டு விலகும். தாளுக்குப் பூசும் வச்சிரப் பசையும் படிகாரமும் குறைந்தால் சாயம் கசியும். சாயத்தோடு அரிசிப் பசை சேர்க்காவிட்டால் எள் தூவியதுபோல் புள்ளி விழும். அச்சு இயந்திரம் எதையும் காட்டாதீர்கள். மூங்கில் மடலால் போர்த்திய 'பாரென்' என்ற வட்டத் தேய்ப்பானால் தாளின் முதுகில் அழுத்தித் தேய்ப்பதுதான் அச்சு.

கேள்வி (அதே வாசகர்): அவருக்குத் தண்டனை கிடைத்தது எதற்காக?

பதில்: ஜப்பானை ஆண்ட தோயோதோமி ஹிதேயோஷி 1598இல் இறந்தவர். ஆனாலும் அவர் காலத்து ஆட்சியாளர்களைப் பெயரோடு அச்சுப் படத்தில் காட்டத் தடை இருந்தது. ஹிதேயோஷி தம் மனைவியருடன் செர்ரிப் பூ பார்க்கும் காட்சி முதலியவற்றை வரைந்ததால் 1804இல் உதமாரோவுக்கு 50 நாள் கைவிலங்கு. 1806இல் காலமானார். வரையும் கைக்கே விலங்கு என்பதால் அங்கே கைகளை மட்டும் காட்டினாலே போதும்.

கேள்வி (திருநெல்வேலி வாசகர்): ஜப்பானிய ஊமைப்படங்கள் முழு அமைதியில் ஓடினவா?

பதில்: இல்லை. திரையருகே நின்று கதையையும் பாத்திரங்களின் பேச்சையும் குரலில் தருபவர் 'பென்ஷி'. அவர் பெயருக்காகவே கூட்டம் வந்ததுண்டு.